அம்பயரை ஏன் அடிக்கிறார்கள்?

1899-இல் எடிசனின் நிறுவனம் எடுத்த ஒரு படம் இருக்கிறது. ஒரு நிமிடம்கூட ஓடாது. புல்வெளியில் பேஸ்பால் மட்டையோடு ஒருவன் நிற்கிறான். பந்து வருகிறது. மட்டைக்காரனுக்குப் பிடிக்காத தீர்ப்பை அம்பயர் சொல்லிவிடுகிறார். வாய்ச்சண்டை மூள்கிறது. மட்டைக்காரன் சட்டென்று அம்பயரின் காலை வாரிவிடுகிறான். மிச்ச வாக்குவாதம் தரையில் புரண்டபடி நடக்கிறது. அவ்வளவுதான், படம் முடிந்தது. முடிவைத் தலைப்பிலேயே சொல்லிவிட்டார்கள்: 'கேசி மட்டை பிடிக்கிறான், அல்லது ஒரு மட்டமான அம்பயருக்கு நேர்ந்த கதி'.

மௌனப்பட நகைச்சுவையில் அம்பயரின் தலையெழுத்து அன்றைக்கே எழுதப்பட்டுவிட்டது என்றுதான் சொல்ல வேண்டும். அடுத்த முப்பது ஆண்டுகளில் பேஸ்பாலைத் தொட்ட அடிதடிப் படங்களில் அவர் தலைகாட்டினால் உதை வாங்குவதற்காகத்தான். எனக்கு இந்தப் படங்கள் பிடிக்கும். பழைய மௌனப் படங்களை இரவில் ஒலியை அணைத்துவிட்டுப் பார்ப்பது என் நெடுநாள் பழக்கம். பின்னாளில் யாரோ ஒட்டிவைத்த பியானோ எனக்கு ஒத்துவருவதில்லை. ஆனால் பார்க்கப் பார்க்க ஒரு குறை உறுத்திக்கொண்டே இருந்தது. உலகத்திலேயே மௌனப்படத்துக்கென்று அளவெடுத்துச் செய்ததுபோன்ற ஒரு வேலை பேஸ்பால் அம்பயருடையது. அப்படிப்பட்ட ஆள் கையில் கிடைத்தும், அவரை வெறும் உதைபந்தாக மட்டுமே பயன்படுத்தினார்கள்.

இந்த எடிசன் படத்தை என் மகளுக்குப் போட்டுக் காட்டியபோது அவள் சிரிக்கவில்லை. "அப்பா, அவர் ஏன் திருப்பி அடிக்கவில்லை?" என்று கேட்டாள். நியாயமான கேள்வி. அதற்குப் பதில் சொல்ல வேண்டுமானால் முதலில் அந்த ஆட்டத்தைக் கொஞ்சம் சொல்ல வேண்டும்.

பேஸ்பாலில் ஸ்டம்ப் கிடையாது. மட்டைக்காரனின் முன்னால், 'ஹோம் பிளேட்' என்ற ஐங்கோணப் பலகைக்கு மேலே, காற்றில் ஒரு சன்னல் இருப்பதாகப் பாவித்துக்கொள்ள வேண்டும். பந்து அதன் வழியாகப் போய் மட்டைக்காரன் அடிக்காமல் விட்டால் 'ஸ்டிரைக்'. சன்னலுக்கு வெளியே போனால் 'பால்'. மூன்று ஸ்டிரைக் ஆனால் அவுட். நான்கு பால் ஆனால், ஓட்டம் எடுக்கச் சுற்றி ஓடித் தொட வேண்டிய நான்கு தளங்களில் முதல் தளத்துக்கு இலவசமாக நடந்து போகலாம். அந்தச் சன்னலுக்குச் சட்டமும் இல்லை, கம்பியும் இல்லை. அந்தக் காலத்தில் அது அம்பயரின் கண்ணில் மட்டும் இருந்தது. கிரிக்கெட்டில் எல்.பி.டபிள்யூ. கேட்டு வீரர்கள் கத்தும் நேரங்களில்தான் நடுவருக்கு நெருக்கடி. பேஸ்பாலில் மட்டைக்காரன் தொடாமல் விடுகிற ஒவ்வொரு பந்துமே எல்.பி.டபிள்யூ. முறையீடு மாதிரிதான். ஒவ்வொரு தீர்ப்புக்கும் ஓர் அணி முகம் சுளிக்கும்.

அந்தக் காலத்தில் இதையெல்லாம் பெரும்பாலும் ஒரே ஆள்தான் பார்த்துக்கொண்டார். 1890-களின் பெரிய ஆட்டங்களில்கூட மைதானம் முழுமைக்கும் ஓர் அம்பயர். அவர் முதல் தளத்தைப் பார்த்தால் மூன்றாம் தளத்தில் என்ன நடக்கிறது என்று தெரியாது. வீரர்கள் சும்மா இருப்பார்களா? அம்பயர் முதுகு காட்டிய நேரத்தில் இரண்டாம் தளத்தைத் தொடாமலேயே மைதானத்தின் குறுக்கே வெட்டி ஓடினார்கள். பால்டிமோர் அணியின் ஜான் மெக்ரா, மூன்றாம் தளத்தில் நிற்கும் எதிரணி ஓட்டக்காரனின் இடுப்பு பெல்ட்டுக்குள் விரலை மாட்டி இழுத்துப் பிடித்துக்கொள்வாராம். ஒருநாள் பீட் பிரவுனிங் என்ற வீரர் தன் பெல்ட்டை முன்கூட்டியே கழற்றி வைத்துவிட்டு ஓடினார்; பெல்ட் மெக்ராவின் கையில் தொங்கியது என்பது பேஸ்பால் உலகத்தில் திரும்பத் திரும்பச் சொல்லப்படும் கதை. அதே பால்டிமோர்க்காரர்கள் எல்லைப் புறத்தில் உயரமாக வளர்ந்த புல்லுக்குள் உபரிப் பந்துகளை ஒளித்து வைத்திருந்தார்கள் என்றும், ஒரே அடிக்கு இரண்டு பந்துகள் திரும்பி வந்த நாளில் குட்டு உடைந்தது என்றும் சொல்வார்கள். இவற்றில் எவ்வளவு நிஜம், எவ்வளவு சோடனை என்று பிரிப்பது கடினம். ஆனால் இரண்டு பந்துகள் ஒரே நேரத்தில் பறந்து வருவதைப் பார்த்து நிற்கும் தன்னந்தனி அம்பயரின் முகத்தை நினைத்துப் பாருங்கள். எந்த மௌனப்படக் கதாசிரியனும் இதைவிட நன்றாக எழுதியதில்லை.

வேலைக்கான தளவாடங்களைப் பாருங்கள், அவையும் நகைச்சுவைப் படக் கிடங்கிலிருந்து எடுத்து வந்தவை போலவே இருக்கும். இரண்டு பெரிய லீக்குகளில் ஒன்றான அமெரிக்கன் லீக்கின் அம்பயர்கள் நெஞ்சுக்கு முன்னால் காற்றடைத்த பெரிய கவசம் ஒன்றைக் கையால் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். தலையில் கம்பிக் கூண்டு. உடம்பில் நீலநிறக் கோட்டு. ஹோம் பிளேட்டில் மண் படிந்தால் பெருக்குவதற்கு முன்பெல்லாம் நீளக் கைப்பிடி வைத்த துடைப்பம். பெருக்கியதும் பக்கத்திலேயே போட்டுவிடுவார்கள். 1904-இல் சிகாகோ அணியின் ஜாக் மெக்கார்த்தி அந்தத் துடைப்பத்தை மிதித்துக் கணுக்காலைப் புண்ணாக்கிக்கொண்டார். அதன் பிறகுதான் சட்டைப்பைக்குள் அடங்கும் குட்டித் துடைப்பம் வந்தது. இன்றைக்கும் அம்பயர்கள் அதைத்தான் வைத்திருக்கிறார்கள். குனிந்து பெருக்கும்போது பார்வையாளர்களுக்குப் பின்புறத்தைக் காட்டக் கூடாது என்பது அவர்களுடைய மரியாதை. ஆகவே மைதானத்துக்கு முதுகைக் காட்டிக் குனிகிறார்கள். அடிதடிப் பட இயக்குநருக்கு வேறென்ன வேண்டும்? குனிந்த முதுகு, பின்னால் பதினெட்டு எதிரிகள்.

திருப்பி அடித்த அம்பயர்களும் இருந்திருக்கிறார்கள். டிம் ஹர்ஸ்ட் அப்படிப்பட்டவர். 1897-இல் சின்சினாட்டியில் கூட்டத்திலிருந்து அவரை நோக்கி ஒரு பீர் குவளை பறந்து வந்தது. மனிதர் அதை எடுத்துக் கூட்டத்துக்குள்ளேயே திருப்பி எறிந்தார். அது யாரோ ஒருவர்மீது போய் விழுந்தது. போலீஸ் வந்து அவரைக் கைது செய்தது. பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து எடி காலின்ஸ் என்ற வீரர்மீது துப்பிய விவகாரத்தில் வேலையே போனது. மகளின் கேள்விக்கு இதுதான் பதில் என்று நினைக்கிறேன். திருப்பி அடித்த கணமே அவர் அம்பயர் இல்லை, பத்தொன்பதாவது ஆட்டக்காரர்.

குவளையும் பாட்டிலும் படத்தில்தான் வேடிக்கை. 1907 செப்டம்பரில் செயின்ட் லூயிஸில் பில்லி எவன்ஸ் என்ற அம்பயரின் தலையில் சோடா பாட்டில் ஒன்று வந்து விழுந்தது. மண்டை ஓடு விரிசல் கண்டு, சாவின் விளிம்பு வரை போய் மீண்டார். அப்போது அவருக்கு வயது 23. பத்திரிகை வேலை பார்த்தவர்; அதற்கு முந்தைய ஆண்டுதான் பெரிய லீக்கில் அம்பயராகியிருந்தார். 'அம்பயரைக் கொல்லு' என்ற கூச்சல் அமெரிக்க மைதானங்களில் அன்றாட வழக்கம்; 1888-இல் எர்னஸ்ட் தேயர் எழுதிய புகழ்பெற்ற கேசி கவிதையிலேயே அது வருகிறது. அந்தக் கவிதையில் கூட்டம் அப்படிக் கத்தும்போது கேசி பெருந்தன்மையோடு கையை உயர்த்தி எல்லோரையும் அமைதிப்படுத்துகிறான். பதினோரு ஆண்டுகள் கழித்து அதே பெயரில் வந்த எடிசன் படத்தில் கேசியே அம்பயரின் காலை வாருகிறான். அன்றைய சினிமாவுக்குப் பெருந்தன்மையைக் காட்ட நேரமும் இல்லை, மனமும் இல்லை.

கேசி கவிதையைப் பற்றி ஒரு சின்ன இடைச்செருகல். டி ஊல்ஃப் ஹாப்பர் என்ற மேடை நடிகர் அதைத் தன் கனத்த குரலில் ஆயிரக்கணக்கான முறை ஒப்பித்துப் பெயர் வாங்கியவர். 1916-இல் அவரை வைத்துக் கேசியைப் படமாக எடுத்தார்கள். மௌனப்படம்! ஊரே குரலுக்காகக் கொண்டாடிய ஆளைக் குரலில்லாமல் நடிக்க வைத்த அந்தத் துணிச்சலை என்னவென்று சொல்வது. 1920-களின் தொடக்கத்தில் ஒலிப்படச் சோதனைகள் நடந்தபோது அதே ஹாப்பரைக் கூட்டிவந்து அதே கவிதையைச் சொல்ல வைத்துப் பதிந்தார்கள்.

போலீஸ்காரன் உதை வாங்கினால் மக்கள் ஏன் சிரிக்கிறார்கள் என்பதை 1918-இல் ஒரு பத்திரிகைக் கட்டுரையில் சாப்ளின் விளக்கியிருக்கிறார். சாதாரண ஆள் வழுக்கி விழுவதைவிட, சட்டத்தின் மிடுக்கைச் சீருடையாக அணிந்த ஆள் விழுவது பல மடங்கு வேடிக்கை என்பது அவருடைய வாதம். அம்பயருக்கும் இதே கணக்குத்தான் என்று அடிதடிப் படக்காரர்கள் நினைத்துவிட்டார்கள். கணக்கு இங்கே உதைக்கிறது.

போலீஸ்காரன் துரத்துவான். கீஸ்டோன் நிறுவனத்தின் அடிதடிப் படங்களில் அவன் தனியாகவும் வருவதில்லை; வண்டி நிறைய வந்து, ஒருவன்மேல் ஒருவன் விழுந்து, மறுபடி எழுந்து ஓடுவான். உதைத்தால் கதை நகரும். அம்பயரை உதைத்தால் என்ன ஆகும்? ஆட்டம் நின்றுவிடும். பந்து போடுவதற்கும் அடிப்பதற்கும் அர்த்தம் கொடுக்கிற ஒரே ஆள் தரையில் கிடக்கிறார். அடுத்து என்ன செய்வது என்று இயக்குநருக்கே தெரியாது. எடிசன் படத்துக்கு அந்தக் கவலை இல்லை, அது ஒரு நிமிடத்துக்குள் முடிந்துவிட்டது. இருபது நிமிடப் படங்களுக்கு அது பெரிய கவலை. அதனால்தான் பேஸ்பால் நகைச்சுவைகள் பலவற்றில் அம்பயர் ஓர் அடியோடு மறைந்துபோகிறார்; கதை வேறு எங்கோ, காதலியின் பின்னாலோ களவுபோன பணத்தின் பின்னாலோ ஓடிவிடுகிறது.

என் அனுபவத்திலிருந்தும் கொஞ்சம் சொல்ல முடியும். இளவயதில் எங்கள் ஊர் கிரிக்கெட் போட்டிகளில் சில கோடைகாலம் நடுவராக நின்றிருக்கிறேன். சம்பளம் மதியச் சாப்பாடு. அங்கே நான் கற்றது ஒன்றுதான். தீர்ப்பு சரியா தவறா என்பதைக் கூட்டம் அப்புறம்தான் யோசிக்கும். விரலைத் தூக்க நான் எடுத்துக்கொள்ளும் நேரத்தைத்தான் முதலில் அளக்கும். சட்டென்று தூக்கினால் அரைமனதோடு ஏற்றுக்கொள்வார்கள். ஒரு நொடி தயங்கிவிட்டுத் தூக்கினால் தொலைந்தேன். உள்ளுக்குள் ஆயிரம் சந்தேகம் ஓடினாலும் முகம் கல்லாக இருக்க வேண்டும். நகைச்சுவை என்று பார்த்தால் அந்த வேலையில் இருக்கும் உண்மையான நகைச்சுவை இதுதான். எதுவும் நிச்சயமில்லாத ஒரு விஷயத்தில் முழு நிச்சயத்தோடு நிற்கக் கடமைப்பட்ட மனிதன்.

கல் முகம் என்றதும் உங்களுக்கு யார் நினைவுக்கு வருவார் என்று தெரியும். அவரிடம் பிறகு வருகிறேன்.

மௌனப்படத்துக்கும் அம்பயருக்கும் உள்ள உறவு உதையில் இல்லை, கையில் இருக்கிறது. தொடக்கத்தில் அம்பயர்கள் தீர்ப்பை வாயால் கத்தினார்கள். கூட்டம் பெருகி, மைதானம் பெரிதாகி, சத்தத்தில் ஒன்றும் கேட்காமல் போனது. 20-ஆம் நூற்றாண்டின் முதல் பத்து ஆண்டுகளில் கைச்சைகை பரவியது. ஸ்டிரைக் என்றால் வலக்கை உயரும். சேஃப், அதாவது ஓட்டக்காரன் தப்பினான் என்றால் இரண்டு கைகளும் தரைக்கு இணையாக விரியும். இதைத் தொடங்கியது யார் என்பதில் இன்னும் சச்சரவு ஓயவில்லை. 1905-இல் சை ரிக்லர் என்ற அம்பயர் செய்தார் என்பார்கள். பேஸ்பாலின் வருடாந்தர இறுதிப் போட்டியான உலகத் தொடரில் 18 முறை நடுவராக நின்ற பில் கிளெம் அந்தப் பெருமையைத் தனக்கே எடுத்துக்கொண்டார். 1888 முதல் 1902 வரை பெரிய அணிகளில் ஆடிய, காது கேளாத வில்லியம் ஹோய்க்காகத்தான் சைகையே வந்தது என்று நம்புகிறவர்களும் உண்டு. யார் தொடங்கியிருந்தாலும் சரி, சினிமாக்காரர்கள் வசனமில்லாமல் கதை சொல்லப் பழகிக்கொண்டிருந்த அதே ஆண்டுகளில், பல்லாயிரம் பேருக்கு முன்னால் ஒரு வார்த்தைகூடக் கேட்காமல் தன் தீர்ப்பைப் புரிய வைக்கும் கலையை அம்பயர்களும் பழகிக்கொண்டிருந்தார்கள்.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது லூதர் டெய்லரின் கதை. நியூயார்க் ஜயன்ட்ஸ் அணியின் பந்துவீச்சாளர், பிறவியிலேயே காது கேளாதவர். அந்த அணியின் மேலாளர் வேறு யாருமில்லை, பெல்ட்டைப் பிடித்து இழுத்த அதே மெக்ரா. அவரும் அணியினரும் டெய்லருக்காகச் சைகை மொழியைக் கற்றுக்கொண்டார்கள். ஒரு நாள் ஹாங்க் ஓடே என்ற அம்பயரின் தீர்ப்பு டெய்லருக்குப் பிடிக்கவில்லை. கைகளாலேயே வசைமாரி பொழிந்தார். இந்த ஆளுக்கு என்ன புரியப்போகிறது என்ற தைரியம். ஓடேயின் பெற்றோரே காது கேளாதவர்கள். அவர் கடைசி வரை பொறுமையாகப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, தானும் கைகளாலேயே பதில் சொல்லி டெய்லரை மைதானத்தை விட்டு வெளியேற்றினார் என்று கதை. இதை அப்படியே படமாக்கினால் ஒரு வசன அட்டைகூடத் தேவைப்பட்டிருக்காது. வசைபாடும் விரல்கள், மெல்ல உயரும் அம்பயரின் புருவம், பதிலுக்கு எழும் விரல்கள், ஆட்டக்காரனின் முகம் வெளிறுவது. நான் பார்த்த பேஸ்பால் நகைச்சுவைகளில் இதன் சாயல்கூட எங்கும் இல்லை.

பில் கிளெம் இன்னொரு சுரங்கம். மண்ணில் காலால் ஒரு கோடு கிழித்துவிட்டு, சண்டைக்கு வந்தவனிடம் இதைத் தாண்டாதே என்பார். தாண்டினால் வெளியே. கெளுத்தி மீன் என்ற பட்டப்பெயர் அவருக்கு ஆகவே ஆகாது. அந்தச் சொல் காதில் விழுந்தால் சொன்னவன் யாராக இருந்தாலும் ஆட்டத்தை விட்டு நீக்கிவிடுவார். சொல்ல முடியாத ஒருவன் மட்டையால் மண்ணில் மீன் வரைந்து வைத்தான், அவனும் வெளியே போனான் என்று ஒரு கதை உண்டு. ஒரு கோடு, ஒரு மீன், நீட்டிய கை. மௌனப்படத்துக்கு இதற்கு மேல் என்ன கதை வேண்டும்?

1917-இல் நகைச்சுவை நடிகர் ஹெரால்ட் லாய்ட் 'ஓவர் தி ஃபென்ஸ்' என்ற பத்து நிமிடப் படம் எடுத்தார். தையல்கடையில் வேலை செய்யும் இருவர், வாடிக்கையாளரின் உடுப்பில் கிடைத்த பேஸ்பால் டிக்கெட்டுகளுக்காக ஒருவரையொருவர் ஏமாற்றிக்கொண்டு, கடைசியில் லாய்ட் ஆட்டக்காரராகவே மைதானத்துக்குள் நுழைந்துவிடும் கதை. படம் சுமார்தான். ஆனால் லாய்ட் தன் புகழ்பெற்ற வட்டக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு திரையில் தோன்றிய முதல் படம் இதுதான். சட்டம் மட்டும் உண்டு, கண்ணாடிச் சில்லு கிடையாது. பேஸ்பால் மைதானத்தில் தலைமுறை தலைமுறையாக அம்பயரை நோக்கிக் கத்தும் கேலி, கண்ணாடி வாங்கி மாட்டு என்பதுதான். அமெரிக்க நகைச்சுவையின் மிகப் புகழ்பெற்ற கண்ணாடி முதலில் பேஸ்பால் மைதானத்துக்குத்தான் வந்தது. அதை மாட்டியவர் ஆட்டக்காரர் பக்கம் போய்விட்டார். அம்பயருக்கு அந்த நல்ல காலம் வாய்க்கவில்லை.

அதே 1917 கோடையில், ஜூன் 23 அன்று, பாஸ்டனில் நிஜ மைதானத்தில் ஒரு காட்சி அரங்கேறியது. பேப் ரூத் அப்போது பாஸ்டன் அணியின் பந்துவீச்சாளர். முதல் மட்டைக்காரனுக்கே நான்கு பந்துகளும் 'பால்' என்று அம்பயர் பிரிக் ஓவன்ஸ் தீர்ப்புச் சொல்ல, ரூத் கத்தினார், ஓவன்ஸ் வெளியேற்றினார், ரூத் பாய்ந்து வந்து அம்பயரை அடித்தார். பத்து நாள் தடை, நூறு டாலர் அபராதம். அவருக்குப் பதிலாக அவசரமாகப் பந்து போட வந்த எர்னி ஷோர் சரித்திரம் படைத்தார். முதல் தளத்துக்குப் போயிருந்த ஆள், பந்து அடிபடும் முன்பே ஓடி அடுத்த தளத்தைத் திருடப் பார்த்து அவுட்டாக, அதன் பிறகு வந்த 26 பேரையும் ஷோர் வரிசையாக வீழ்த்தினார். ஒருவன்கூடத் தளம் சேரவில்லை. எடிசன் படத்தில் இல்லாத இரண்டாம் பாகம் இது. அம்பயரை அடித்தவன் வெளியே போனதும் ஆட்டம் முன்னைவிடச் சிறப்பாக நடந்தது. ஓவன்ஸ் அடியை வாங்கிக்கொண்டு அதே ஆட்டத்தில் தொடர்ந்து நின்றார். அந்த மனிதரின் பக்கமிருந்து ஒரு படம் எடுக்க யாருக்கும் தோன்றியதாகத் தெரியவில்லை. அடித்தவருக்கோ சினிமா வாசல் அகலத் திறந்தது. 1928-இல் லாய்டின் 'ஸ்பீடி' படத்தில் ரூத் ரூத்தாகவே வந்து, லாய்ட் ஓட்டும் டாக்சியின் பின்னிருக்கையில் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு போகிறார். நன்றாகவே நடித்திருக்கிறார், மறுக்க மாட்டேன். அதே படத்தில் சோடா கடையில் வேலை பார்க்கும் லாய்ட், நியூயார்க் யாங்கீஸ் அணி ஆடும் ஆட்டத்தின் புள்ளிகளைச் சமையலறைக்காரர்களுக்குத் தெரிவிக்கக் கண்ணாடிப் பெட்டியில் தின்பண்டங்களை அடுக்கிக் காட்டுவார். சுழியத்துக்கு டோனட். அம்பயரின் சைகைக் கலைக்கு மௌனப்படம் மிக அருகில் வந்த இடங்களில் ஒன்று என்று அதைச் சொல்வேன். வேடிக்கை என்னவென்றால் அங்கே அம்பயரே இல்லை.

இப்போது கல் முகத்துக்காரர். சிரிக்காத முகத்துக்குப் பெயர்போன மௌனப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டனின் பேஸ்பால் பைத்தியம் ஊரறிந்தது. அவருடைய படப்பிடிப்புக் குழுவில் சேர இரண்டு கேள்விகள் என்பார்கள்: நடிக்கத் தெரியுமா, பேஸ்பால் ஆடத் தெரியுமா. நகைச்சுவைக் காட்சி எங்காவது முட்டிக்கொண்டு நின்றால் மட்டையை எடுத்துக்கொண்டு வெளியே போய்விடுவார்கள். ஆட்டத்தின் நடுவில் யாருக்காவது பொறி தட்டும், கையுறையைத் தூக்கிப் போட்டுவிட்டு வேலைக்குத் திரும்புவார்கள்.

'தி கேமராமேன்' 1928-இல் வந்தது. செய்திப்படம் எடுக்க ஆசைப்படும் கீட்டன், யாங்கீ ஸ்டேடியத்துக்குக் கேமராவோடு போய்ச் சேருகிறார். மைதானம் காலி. அணி அன்றைக்குச் செயின்ட் லூயிஸில் ஆடுகிறது. சரி, வந்தது வந்தோம் என்று கேமராவை ஓரமாக வைத்துவிட்டு நடுவில் போய் நிற்கிறார். பந்து இல்லை, மட்டை இல்லை, யாருமில்லை. குனிந்து, மட்டைக்காரனுக்குப் பின்னால் பந்தைப் பிடிக்க உட்காரும் கேட்சரின் சமிக்ஞையைப் பார்க்கிறார்; வேண்டாம் என்று தலையசைக்கிறார்; இன்னொன்றைக் கேட்டுச் சம்மதிக்கிறார். எல்லையில் நிற்கும் ஆட்களைக் கையசைத்து நகர்த்துகிறார். தளத்திலிருந்து நழுவப் பார்க்கும் ஓட்டக்காரனை ஓரக்கண்ணால் கவனிக்கிறார். பிறகு மட்டைக்காரனாக மாறி, தன் மீது வந்த பந்துக்கு விலகி, பந்து போட்டவனை முறைக்கிறார். அடுத்த பந்தை விளாசிவிட்டு நான்கு தளங்களையும் சுற்றி ஓடி, ஹோம் பிளேட்டில் சறுக்கி விழுகிறார். நிமிர்ந்தால் மைதானக் காவலர் பார்த்துக்கொண்டிருக்கிறார்.

நான் இதை எத்தனை முறை பார்த்திருந்தாலும், ஒவ்வொரு முறையும் கண் அந்தச் சறுக்கலில் போய் நிற்கிறது. பந்து முதலில் வந்ததா, கால் முதலில் வந்ததா? நெருக்கமான ஓட்டம், தீர்ப்பு வேண்டிய இடம். பந்துவீச்சாளர், மட்டைக்காரர், கண்ணுக்குத் தெரியாத கேட்சர், ஓட்டக்காரர் என்று அத்தனை பேருக்கும் உயிர் கொடுத்த கீட்டன், ஒரே ஓர் ஆளை மட்டும் படைக்காமல் விட்டுவிட்டார். ஒருவேளை பேஸ்பால் வெறியர் ஒவ்வொருவருடைய கனவு ஆட்டமும் இப்படித்தான் இருக்குமோ என்னவோ. எனக்கு அதில் வருத்தமே மிச்சம். சிரிக்காத, சந்தேகத்தை வெளிக்காட்டாத, உடம்பு முழுவதையும் ஒரே சைகையாக ஆக்கத் தெரிந்த அந்த முகத்துக்குக் கம்பிக் கூண்டை மாட்டிவிட்டு நான்கு பந்துகளுக்குத் தீர்ப்புச் சொல்ல வைத்திருந்தால், அம்பயர் நகைச்சுவை என்ற வகைக்கே வேறு வரலாறு இருந்திருக்கும்.

வாய்ப்பு அவருக்குப் பக்கத்திலேயே இருந்தது. முந்தைய ஆண்டு, 1927-இல், கீட்டன் நடித்த 'காலேஜ்' படத்தில் பேஸ்பால் காட்சி ஒன்று உண்டு. ஆடவே தெரியாத மாணவனாகக் கீட்டன் மைதானத்தில் இறங்கி அணியின் மானத்தை வாங்குவார். நன்றாக ஆடத் தெரிந்தவர் மட்டுமே இவ்வளவு துல்லியமாகச் சொதப்ப முடியும். அதில் பயிற்சியாளராக வருபவர் நடிகரல்ல, சாம் கிராஃபோர்டு. டெட்ராய்ட் அணியில் பேஸ்பால் ஜாம்பவான் டை காப் பக்கத்தில் நின்று ஆடியவர். ஒரே அடியில் மூன்று தளம் ஓடுவதில் அவர் வைத்த 309 என்ற சாதனையை இன்றுவரை எவரும் முறியடிக்கவில்லை. அப்போது தென் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தில் நிஜமாகவே பேஸ்பால் பயிற்சியாளராக இருந்தார். வேட்டைக்காரர் மாதிரி வாட்டசாட்டமான உடம்பு, அசையாத முகம்.

படத்தில் அவருக்குப் பெரிதாக வேலை இல்லை. கீட்டன் செய்யும் கூத்துகளைப் பார்த்துக்கொண்டு நிற்கிறார், அவ்வளவுதான். எட்டு ஆண்டுகள் கழித்து, மௌனப்படம் செத்துப் பேசும்படம் ஊரை ஆண்டுகொண்டிருந்த 1935-இல், கிராஃபோர்டு அமெரிக்க மேற்குக் கரை அணிகள் ஆடும் பசிபிக் கோஸ்ட் லீக்கில் அம்பயர் வேலைக்குப் போனார். ஹாலிவுட் இருக்கும் லாஸ் ஏஞ்சலஸ் நகரத்து அணியே அந்த லீக்கில் ஆடிக்கொண்டிருந்த காலம் அது; படக்காரர்கள் பார்வையாளர் வரிசையில் உட்கார்ந்திருப்பார்கள். 1938 வரை நீலக் கோட்டும் குட்டித் துடைப்பமுமாக அவர்கள் கண்ணெதிரேயே நின்றார். கேமராவைத் தூக்கிக்கொண்டு யாரும் போகவில்லை. 309 முறை மூன்றாம் தளத்துக்கு ஓடிய அந்த மனிதரைப் பார்த்து, அடுப்படி மேசையைத் தாண்டாதவர்கள் எத்தனை பேர் கண்ணாடி வாங்கி மாட்டு என்று கத்தினார்களோ.